குடும்ப நலம்: பின்னிருக்கைக்கும் ஒரு சட்டம் உண்டு

ஞாயிறு காலையில் ஆலயத்திற்கு வந்து சேரும் இருசக்கர வாகனங்களைச் சற்றுக் கவனிப்போம். தந்தை வண்டியை ஓட்டி வருகிறார். தலையில் கவசம் அணிந்திருக்கிறார். அவருக்கு முன்னால், பெட்ரோல் டேங்கின் மேல் மூத்த பிள்ளை. பின்னால் தாய், கைக்குழந்தையை மடியில் அணைத்தபடி ஒருபக்கமாக அமர்ந்திருக்கிறார். நால்வரில் தலைக்கவசம் அணிந்தவர் ஒருவரே.

தலைக்கவசம் இல்லையேல் அபராதம் என்பதை நாம் எல்லாரும் அறிவோம். இருக்கையைப் பற்றியும் சட்டம் பேசுகிறது என்பதைப் பலர் அறியார். 1988-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம், 128-ஆம் பிரிவில், ஓட்டுபவரைத் தவிர ஒருவரை மட்டுமே ஏற்றலாம் என்கிறது. அவரும் ஓட்டுபவருக்குப் பின்னால், வண்டியோடு உறுதியாகப் பொருத்தப்பட்ட இருக்கையில் அமர வேண்டும். குழந்தை கணக்கில் சேராது என்று அப்பிரிவு கூறவில்லை. 2019-ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, இதை மீறுவோருக்கு ஆயிரம் ரூபாய் அபராதமும், மூன்று மாதம் உரிமத் தகுதியிழப்பும் உண்டு.

அபராதத்தினும் பெரிது அதன் காரணம். திடீரெனப் பிரேக் பிடித்தால் வண்டி நிற்கும். அதில் இருப்பவரின் உடலோ முன்னோக்கிப் பாயும். முன்னால் இருக்கும் பிள்ளை ஹேண்டில்பாருக்கும் தந்தையின் உடலுக்கும் நடுவே சிக்கிக்கொள்ளும். மடியில் உள்ள குழந்தைக்குத் தாயின் கைகளே ஆதாரம். தாய்க்கோ பற்றிக்கொள்ள ஒரு கையும் மிஞ்சுவதில்லை.

பின்னால் அமர்பவருக்காக மத்திய மோட்டார் வாகன விதிகள் மூன்று காப்புகளைக் கட்டாயமாக்கியுள்ளன: நிலையான கைப்பிடி, கால் வைக்கும் தாங்கி, உடை சிக்காதபடி பின்சக்கரத்தின் பாதியையேனும் மறைக்கும் தடுப்பு. வண்டியின் அழகுக்கு இடையூறு என்று அத்தடுப்பைக் கழற்றி எறிவோர் உண்டு. சேலைத் தலைப்போ துப்பட்டாவோ சக்கரத்தில் சுற்றிக்கொள்ள ஒரு நொடி போதுமே!

குழந்தைகளுக்கென 2022 பிப்ரவரியில் அறிவிக்கப்பட்ட விதிகள் 2023 பிப்ரவரி 15 முதல் நடைமுறைக்கு வந்தன. நான்கு வயதுக்கு உட்பட்ட குழந்தையை, ஓட்டுபவரோடு இணைக்கும் பாதுகாப்பு வாரினால் பிணைக்க வேண்டும். ஒன்பது மாதம் முதல் நான்கு வயது வரை, தலைக்குப் பொருந்தும் கவசமோ, தரமான மிதிவண்டித் தலைக்கவசமோ அணிவிக்க வேண்டும். வேகம் மணிக்கு 40 கிலோமீட்டரைத் தாண்டலாகாது. அவ்வேகத்திலேயே வண்டி நொடிக்குப் பதினொரு மீட்டர் ஓடுகிறது. நான்கு வயதைக் கடந்தவர் அனைவரும், பின்னால் அமர்பவர் உட்பட, கவசம் அணிய வேண்டும். அதன் வாரையும் பூட்ட வேண்டும். வாங்கும்போது ஐ.எஸ்.ஐ. முத்திரையைப் பார்த்து வாங்குவோம்.

மிதிவண்டி, மோட்டார் வாகனச் சட்டத்துள் அடங்காது. ஆயினும் கேரியரில் கால்களைத் தொங்கவிட்டு அமரும் பிள்ளையின் குதிகால் சக்கரக் கம்பிகளுக்குள் சிக்கினால், சட்டம் இல்லை என்பதற்காகக் காயம் குறைந்துவிடாது. முதுகுச் சாய்வும், இடுப்பு வாரும், கால்மறைப்பும் உள்ள சிறுவர் இருக்கையைப் பொருத்துவதே நல்லது.

நால்வர் உள்ள இல்லத்தில் ஒரே வண்டிதான் இருக்கிறது, என்ன செய்வது என்று கேட்கத் தோன்றும். நியாயமான கேள்வியே. இரண்டு நடையாகச் செல்லலாம், பேருந்தை நாடலாம், அருகில் எனில் நடக்கலாம். இவற்றால் நேரமும் காசும் செலவாகும், மெய்தான். ஆனால் எதிர்த்துப் பேசவும் தெரியாத பிள்ளையின் தலைமேல் அச்செலவை ஏற்றுவது முறையாகுமா? வண்டி வாங்கப் பணம் சேர்க்கும்போதே, பிள்ளையின் கவசத்தையும் வாரையும் அக்கணக்கில் சேர்த்துக்கொள்வோமாக.