வைரம் தேடத் தெரிந்தவர்கள்

"இந்த விளையாட்டால் உனக்கு என்ன பிரயோசனம்?" கைத்தொலைபேசியையோ கணினியையோ திறந்து விளையாட உட்காரும் பிள்ளைகள் நமது வீடுகளில் அடிக்கடி கேட்கும் கேள்வி இது. கேள்வி நியாயமானதுதான். எல்லா விளையாட்டுகளுக்கும் ஒரே பதில் பொருந்தாது என்பதும் உண்மைதான். ஆயினும் நான் நன்கு அறிந்த ஒரு விளையாட்டை வைத்து இக்கேள்விக்குப் பதில் சொல்ல விரும்புகிறேன். அது மைன்கிராப்ட். அதில் அரிய பொருட்களைத் தேடும் முறை ஒரு கல்வி என்பதே எனது வாதம். தேடத் தெரியாமல் தேடுவது மினக்கேடு. தேடத் தெரிந்து தேடுவது படிப்பு.

பெற்றோருக்காக இவ்விளையாட்டைப் பற்றிச் சில வார்த்தைகள். சுவீடன் நாட்டவரான மார்க்கஸ் பெர்சன் இதை உருவாக்கினார். 2009இல் முதல் வடிவமும் 2011 நவம்பரில் முழு வடிவமும் வெளிவந்தன. 2014இல் மைக்ரோசொப்ட் நிறுவனம் இதனை 250 கோடி அமெரிக்க டொலருக்கு வாங்கியது. 2023ஆம் ஆண்டளவில் 30 கோடிக்கும் அதிகமான பிரதிகள் விற்பனையாகியிருந்தன. இதில் உலகம் முழுவதும் சதுரமுகிக் கட்டிகளால் ஆனது. மரத்தை வெட்டி மரக் கருவி செய்யலாம். அதனால் கல்லை உடைத்துக் கற்கருவி செய்யலாம். அதனால் இரும்பை எடுக்கலாம். இரும்புப் பிக்காசு கையில் வந்த பின்னர்தான் வைரத்தை எடுக்க முடியும். அவசரப்பட்டுக் கற்பிக்காசால் வைரத் தாதை உடைத்தால் தாது அழிந்துபோகும். கையில் ஒன்றும் கிடைக்காது. தகுதியை வளர்த்துக்கொள்ளாதவருக்கு வாய்ப்பு கண் முன்னே இருந்தும் பயனில்லை என்பதை இவ்விளையாட்டு முதல் நாளிலேயே கற்பித்துவிடுகிறது.

வைரம் எங்கே இருக்கிறது? "நிலத்துக்குக் கீழே" என்பது பதிலாகாது. எந்த ஆழத்தில் என்பதே கேள்வி. கணித பாடத்தில் நாம் படிக்கும் ஆள்கூறு இங்கே கைகொடுக்கிறது. விளையாட்டின் அமைப்புகளில் ஆள்கூறுகளைக் காட்டும்படி தெரிவு செய்தால், நாம் நிற்கும் இடம் மூன்று எண்களாகத் திரையில் தெரியும். அவற்றுள் நடுவில் உள்ள 'வை' பெறுமானம் உயரத்தைக் குறிக்கிறது. இன்றைய மைன்கிராப்ட் உலகம் உச்சியில் 320 தொடக்கம் அடியில் மறை 64 வரை செல்கிறது. வைரம் ஏறத்தாழ 16 இற்குக் கீழேதான் தோன்றும். ஆழம் கூடக் கூட அதன் அளவும் கூடும். ஆனால் அடியிலுள்ள சில படைகளில் எக்கருவியாலும் உடைக்க முடியாத அடிப்பாறை கலந்திருக்கிறது. எனவே அதற்குச் சற்று மேலே, மறை 59 அளவில் சுரங்கம் வெட்டுவதே சிறந்தது. மறை 54 இற்குக் கீழுள்ள குகைகளில் எரிகுழம்பு தேங்கி நிற்கும் என்பதால், கவனமானவர்கள் மறை 53 இல் நின்றே தேடுவதும் உண்டு. ஆழம் அறியாமல் காலை விடாதே என்ற நம் முதுமொழிக்கு இதைவிடப் பொருத்தமான இடம் வேண்டுமா?

இங்கே இன்னொரு பாடமும் உண்டு. 2021 நவம்பர் 30 வரை இந்த உலகத்தின் அடித்தளம் பூச்சியமாகவே இருந்தது. அக்காலத்தில் 11 அல்லது 12 ஆம் மட்டத்தில் வைரம் தேடுங்கள் என்பதே எல்லோரும் சொன்ன அறிவுரை, அது சரியானதும்கூட. அன்றைய புதுப்பிப்புடன் உலகம் கீழ்நோக்கி ஆழமானது, அறிவுரையும் காலாவதியானது. இன்றும் பழைய காணொளியைப் பார்த்துவிட்டு 11 ஆம் மட்டத்தில் மணிக்கணக்காகத் தோண்டுபவர்கள் இருக்கிறார்கள். சொன்னவர் பொய் சொல்லவில்லை. சொன்ன காலம் மாறிவிட்டது. ஒரு தகவலைக் கேட்டால், "இது எப்போது சொல்லப்பட்டது?" என்றும் கேட்க வேண்டும். பாடத்திட்டம் மாறிய பின்னரும் பழைய குறிப்புப் புத்தகத்தை மனனம் செய்யும் மாணவிக்கும் இது பொருந்தும்.

அடுத்தது, எப்படித் தோண்டுவது? ஓர் ஆள் செல்லக்கூடிய, ஒரு கட்டி அகலமும் இரு கட்டி உயரமும் கொண்ட சுரங்கத்தை எடுத்துக்கொள்வோம். ஓர் அடி முன்னேற இரண்டு கட்டிகளை உடைக்கிறோம். அப்போது இடப்பக்கம் இரண்டு, வலப்பக்கம் இரண்டு, மேலே ஒன்று, கீழே ஒன்று என மேலும் ஆறு கட்டிகள் கண்ணுக்குத் தெரிகின்றன. இரண்டை உடைத்து எட்டை அறிகிறோம். மாறாக, ஒரு பெரிய மண்டபம் போல எல்லாவற்றையும் உடைத்துக்கொண்டு போனால், ஒன்றை அறிய ஏறக்குறைய ஒன்றை உடைக்க வேண்டியிருக்கும். அடுத்த சுரங்கத்தை எவ்வளவு தள்ளி வெட்டுவது? இடையில் ஒரு கட்டி மாத்திரம் விட்டால் அதே கட்டியை இரு பக்கமும் இருந்து பார்க்கிறோம், உழைப்பு வீண். இரண்டு கட்டிகள் விட்டால் ஒவ்வொன்றையும் ஒரு முறை மட்டும் பார்க்கிறோம். மூன்று விட்டால் நடுவில் ஒரு வரிசை மறைந்துபோகும். ஆனால் வைரம் பெரும்பாலும் கொத்தாகக் கிடப்பதால் அதன் ஓர் ஓரமாவது வெளியே தெரியக்கூடும். இவற்றுள் எதைத் தெரிவு செய்வது என்பது, முழுமை வேண்டுமா வேகம் வேண்டுமா என்பதைப் பொறுத்தது. பரீட்சைக்கு ஒரு மாதம் இருக்கும்போது படிக்கும் முறையும் ஒரு நாள் இருக்கும்போது படிக்கும் முறையும் வேறுபடுவது இதே காரணத்தால்தான்.

கிடைத்த வைரத்தை என்ன செய்வது என்பதிலும் அறிவு வேண்டும். முதல் ஐந்து வைரங்களில் மூன்றை வைரப் பிக்காசுக்கும் இரண்டை மந்திர மேசைக்கும் செலவிடுவதே விவேகம். அந்த மேசையின் மூலம் பிக்காசுக்குப் 'போர்ச்சூன்' எனும் ஆற்றலின் மூன்றாம் நிலை கிடைத்துவிட்டால், ஒரு தாதிலிருந்து ஒரு வைரம் கிடைக்க 40 வீத வாய்ப்பும், இரண்டு, மூன்று, நான்கு கிடைக்கத் தலா 20 வீத வாய்ப்பும் உண்டு. நிகழ்தகவு படித்தவர்கள் கணக்கிட்டுப் பாருங்கள், சராசரி 2.2 வரும். ஆகவே, அந்த ஐந்தும் கிடைத்த பின்னர் காணும் தாதுக்களை உடைக்காமல், இடத்தை மட்டும் குறித்து வைத்துவிட்டு, அந்த ஆற்றல் கிடைத்ததும் திரும்பி வந்து எடுப்பவருக்கு இரு மடங்குக்கும் மேல் கிடைக்கும். பொறுமை என்பது சும்மா இருப்பதல்ல. கணக்குப் போட்டுக் காத்திருப்பது.

எல்லா அரிய பொருளையும் ஒரே வழியில் தேட முடியாது என்பதற்கும் உதாரணம் உண்டு. நெதர் எனும் பாதாள உலகில் கிடைக்கும் புராதனச் சிதைவு வைரத்தைவிட அரிது. அது இயல்பாகத் திறந்த வெளியை ஒட்டித் தோன்றாது. எனவே நடந்து திரிந்து அதைக் காண்பது கடினம். ஆனால் வெடிப்பால் அது சிதையாது. அதனைச் சுற்றியுள்ள பாறையோ மிக மென்மையானது. இந்த இரு குணங்களையும் அறிந்தவர்கள் 15 ஆம் மட்டத்தில் சுரங்கம் வெட்டி, வெடி வைத்துப் பாறையை அகற்றுகிறார்கள். தேடிய பொருள் மட்டும் எஞ்சி நிற்கிறது. தேடும் பொருளின் இயல்பே தேடும் வழியைச் சொல்லித் தருகிறது. இரத்தினபுரிப் பக்கம் மாணிக்கம் அகழ்வோரும் கண்ட இடத்தில் குழி வெட்டுவதில்லையே! 'இல்லம்' எனும் சரளைப் படை கிடக்கும் ஆழத்தை நோக்கித்தானே இறங்குகிறார்கள்.

சில வேளைகளில் தோண்டவே தேவையில்லை. நமக்கு வேண்டியது வைரமா, வைரக் கவசமா? கவசம்தான் என்றால், விளையாட்டிலுள்ள கிராமத்துக் கவசக் கொல்லரிடம் வியாபாரம் செய்து வாங்கலாம். அதற்கு மரகதம் வேண்டும். விவசாயியிடம் 20 கோதுமை கொடுத்தால் ஒரு மரகதம் கிடைக்கும். ஆக, நிலத்துக்கு மேலே கோதுமை பயிரிடுபவரும், நிலத்துக்குக் கீழே இருளில் தோண்டுபவரும் ஒரே இடத்துக்கு வந்து சேரலாம். தேவையைச் சரியாகக் கேட்டுக்கொள்பவருக்கு வழிகள் பெருகுகின்றன.

குறுக்கு வழியும் இல்லாமல் இல்லை. கற்பாறையை ஊடுருவி வைரத்தைக் காட்டும் 'எக்ஸ்ரே' கோப்புகள் இணையத்தில் கிடைக்கின்றன. பலர் கூடி விளையாடும் களங்கள் பலவற்றில் அவை தடை செய்யப்பட்டுள்ளன. அது நியாயமே என்பது என் கருத்து. ஆழத்தை அறிவதும் இடைவெளியைக் கணக்கிடுவதும் நமது அறிவின் வேலை. பாறையை ஊடுருவிப் பார்ப்பது களவு. முன்னையது வினாத்தாளின் அமைப்பை விளங்கிக்கொண்டு படிப்பது போன்றது. பின்னையது வினாத்தாளையே முன்கூட்டி வாங்கிக்கொள்வது போன்றது. இரண்டிலும் புள்ளி கிடைக்கலாம். ஆனால் அடுத்த பரீட்சைக்கு எடுத்துச் செல்ல ஏதாவது எஞ்சியிருப்பது முன்னையதில் மட்டும்தான்.

இப்போது, வீட்டில் உரத்துப் பேசப்படாத ஒரு விடயத்துக்கு வருகிறேன். தம்பி விளையாடினால் "பையன்தானே, விளையாடட்டும்" என்கிறார்கள். அதே விளையாட்டை ராத்தா விளையாடினால் "பொம்பிளப் பிள்ளைக்கு இது எதுக்கு?" என்கிறார்கள். பெண்பிள்ளைகளுக்குச் சமையலறையில் கணக்குத் தேவைப்படுகிறது. பரீட்சையில் நிகழ்தகவு தேவைப்படுகிறது. நாளை தொழிலிலும் குடும்பத்திலும் எங்கே தேடுவது, எவ்வளவு செலவிடுவது, எப்போது நிறுத்துவது என்று தீர்மானிக்கும் திறன் தேவைப்படுகிறது. அந்தத் திறனைப் பழகும் களம் ஒன்று விளையாட்டாகக் கிடைக்கும்போது, அதன் கதவு தம்பிக்கு மட்டும் திறந்திருப்பது நீதியாகாது. இருவருக்கும் ஒரே நேர அளவு, ஒரே விதி என்று வையுங்கள். நாங்கள் கேட்பது சலுகையல்ல, சமன்.

அதற்காக விளையாட்டு எல்லாமே நல்லது என்று நான் சொல்ல வரவில்லை. பணம் கொடுத்துப் பெட்டிகளை வாங்கி, அவற்றுள் அரிய பொருள் இருக்குமா என்று அதிர்ஷ்டத்தை எதிர்பார்க்க வைக்கும் விளையாட்டுகளும் உள்ளன. அங்கே தேடல் இல்லை. ஆசை மட்டுமே தூண்டப்படுகிறது. கற்பதற்கு எதுவுமில்லாமல் வாப்பாவின் பணப்பை மட்டும் மெலிகிறது. இந்த வேறுபாட்டைப் பெற்றோர் அறிந்துகொள்வது அவசியம். மைன்கிராப்டிலும் எல்லை வேண்டும். "இன்னும் ஒரே ஒரு சுரங்கம்" என்று நள்ளிரவு வரை தோண்டுபவர், வைரம் கிடைத்தாலும் மறுநாள் காலைப் பாடத்தை இழந்துவிடுகிறார்.

ஆகவே, அன்பான பெற்றோரே, "என்ன பிரயோசனம்?" என்ற ஒரு கேள்விக்குப் பதிலாக மூன்று கேள்விகளைக் கேளுங்கள். என்ன தேடுகிறாய்? அது அங்கேதான் இருக்கும் என்று எப்படித் தெரியும்? எத்தனை மணிக்கு நிறுத்துவாய்? இம்மூன்றுக்கும் தெளிவாகப் பதில் சொல்லும் பிள்ளையை அந்த நேரம் வரை விளையாட விடுங்கள். பதில் சொல்லத் தடுமாறினால், அருகில் அமர்ந்து இருவருமாகப் பதிலைத் தேடுங்கள். தோழியரே, இதே மூன்று கேள்விகளையும் நூலகத்தில் ஒரு புத்தகத்தைத் தேடும்போதும், உயர்தரத்தில் எந்தத் துறை என்று யோசிக்கும்போதும் உங்களிடமே கேட்டுப் பாருங்கள். அங்கே தோண்டுவதற்கு மறை 59 என்று எவரும் எண் எழுதித் தரமாட்டார்கள். ஆனால் ஆழத்தை விசாரித்துவிட்டு இறங்கும் பழக்கம் நம்முடன் வரும்.