காவற்காரனை அனுப்புமுன் கிடங்கை எண்ணுக



இருப்புப் பாதை ஓரடிகூட இல்லாத இத்தீவுகளில் இரயில்வே குமாஸ்தாவுக்கு என்ன வேலை என்று நம்மைக் கேளாதார் இல்லை. கப்பலேறிச் சென்னை சேர்ந்தபின் மதுரைக்கும் நெல்லைக்கும் செல்லவேண்டியவர்களுக்கு இங்கிருந்தே இடம் பதிவு செய்து கொடுப்பதுதான் நம் வேலை. நாள் முழுதும் கணிப்பொறியின் முன் அமர்ந்திருப்பதால், மெட்ரிக் தேறியதோடு நின்ற நமக்கு அப்பொறியின் மர்மம் அனைத்தும் தெரியும் என்றொரு பெயர் நம் தெருவில் பரவியிருக்கிறது. அப்பெயரை நம்பி ஒரு வீட்டார் அடைந்த நஷ்டத்தை இம்மாதம் எழுதக் கடமைப்பட்டிருக்கிறோம். நஷ்டத்தை விளைத்தவர் நாமேயாதலின், பிறரைக் குறை கூற இதில் இடமில்லை.

ஜங்லிகாட்டில் நம் வீட்டுக்கு இரண்டு வீடு தள்ளித் தென்காசிப் பக்கத்துக் குடும்பம் ஒன்று வாழ்கிறது. தந்தைக்குத் துறைமுகத்தில் பணி. மூத்த பெண் கோயம்புத்தூரில் செவிலியர் படிப்புப் படிக்கிறாள். இளையவன் ஒன்பதாம் வகுப்பு மாணவன். சென்ற கோடையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவ்வீட்டுப் பெரியவர் நம்மை அழைத்து, “தம்பி, பொறி ஆமையாய் நகர்கிறது. பையனோ விளையாட்டே கதியென்று கிடக்கிறான். ஸ்டீம் என்று ஏதோ இருக்கிறதாமே, அதைக் கழற்றி எறிந்துவிடுங்கள்” என்றார். பையன் அப்போது டியூஷனுக்குப் போயிருந்தான்.

நாமும் அமர்ந்தோம். பொறியின் அமைப்புப் பகுதியைத் திறந்து, ஸ்டீம் என்ற பெயரைக் கண்டுபிடித்து, அன்-இன்ஸ்டால் என்னும் பொத்தானை அழுத்தினோம். ஆங்கிலத்தில் நாலைந்து வரி எச்சரிக்கை ஒன்று தோன்றியது. பயணச்சீட்டின் பின்புறத்து விதிகளை யார் படிக்கிறார்கள்? நாமும் படிக்கவில்லை. சில நிமிடங்களில் வேலை முடிந்தது. நிரம்பி வழிந்துகொண்டிருந்த சி டிரைவில் பாதிக்குமேல் இடம் காலியாகிவிட்டது கண்டு பெரியவர் மகிழ, அம்மையார் கொடுத்த காப்பியை அருந்தி விடைபெற்றோம்.

அன்று மாலை பையன் நம் வீட்டு வாயிலில் வந்து நின்றான். கோபப்படவில்லை. “மாமா, அக்கா கட்டின ஊர் எங்கே?” என்று மட்டும் கேட்டான்.

அந்த ஒரு கேள்விக்கு விடை தேடிப் புறப்பட்டபோதுதான், லாஞ்சர் என்பது யாது, விளையாட்டு என்பது யாது, இரண்டும் எங்கெங்கே தங்கியிருக்கின்றன என்பதை நாம் கற்றோம். கழற்றுவதற்கு முன்னர் கற்றிருக்க வேண்டியது அது.

ஸ்டீம் என்பது அமெரிக்க நாட்டு வால்வ் நிறுவனம் 2003ஆம் ஆண்டு செப்டம்பரில் வெளியிட்ட மென்பொருள். விளையாட்டுகளை விற்பதும், இறக்கித் தருவதும், திறந்துவிடுவதும் அதன் தொழில். நம் தொழிலின் மொழியில் சொன்னால், அது ஒரு சரக்குக் கொட்டகையின் காவற்காரன். ஆனால் ஒரு விபரீதம் உண்டு. இக்காவற்காரன் தன் படுக்கையைக் கொட்டகைக்குள்ளேயே போட்டிருக்கிறான். புரோகிராம் ஃபைல்ஸ் என்ற இடத்தில் ஸ்டீம் என்னும் ஃபோல்டர். அதனுள் ஸ்டீம்ஆப்ஸ் என்னும் ஃபோல்டர். அதனுள் காமன் என்னும் ஃபோல்டர். நாம் வேறு இடம் காட்டாதவரை இறக்கிய விளையாட்டுகள் யாவும் இக்காமனுக்குள்தான் குவிகின்றன. காவற்காரனை வெளியேற்றும் அன்-இன்ஸ்டால், அவனுடைய பாயைச் சுருட்டுவதோடு நில்லாமல் கொட்டகையையே கொளுத்திவிடுகிறது. நாம் படியாமல் விட்ட எச்சரிக்கை இதைத்தான் சொல்லியிருக்கிறது.

ஆயினும் வாங்கிய உரிமை கெடுவதில்லை. அது பொறியில் இல்லை; வால்வ் நிறுவனத்தின் ஏட்டில், கணக்கு என்ற பெயரில் இருக்கிறது. பயணச்சீட்டுக் காகிதம் கிழிந்தாலும் முன்பதிவுப் பட்டியலில் பயணியின் பெயர் அழியாதது போல. மீண்டும் ஸ்டீமை நிறுவி, அதே கணக்கில் நுழைந்தால், வாங்கிய பட்டியல் அப்படியே நிற்கும். இதனால் ஒன்றைக் கவனமாகச் சொல்லவேண்டும்: லாஞ்சரை நீக்குவது வேறு, கணக்கை நீக்குவது வேறு. கணக்கை ஒழித்தால் வாங்கியவை அனைத்தும் அதனோடு ஒழியும்.

உரிமை இருக்கிறது, மீண்டும் இறக்கிக்கொள்ளலாமே என்று சென்னையில் இருப்பவர் எளிதாகச் சொல்லிவிடுவார். நம் தீவுகளின் கதையை அவர் அறியார். 2020 ஆகஸ்டு 10ஆம் நாள் வரை நமக்கு வெளியுலகத் தொடர்பு துணைக்கோள் வழியே கிடைத்த சிறு ஊற்றுத்தான். அன்றுதான் சென்னையிலிருந்து போர்ட் பிளேருக்கும் மற்றத் தீவுகளுக்கும் கடலடியில் இடப்பட்ட, ஏறத்தாழ 2,300 கிலோமீட்டர் நீளக் கம்பிவடம் திறந்து வைக்கப்பட்டது. செலவு சுமார் 1,224 கோடி ரூபாய். போர்ட் பிளேர் 2024இல் ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் மாறியது. வடம் வந்தபின் வாழ்வும் ஓரளவு மாறியது உண்மை. என்றாலும் இன்றைய பெரிய விளையாட்டு ஒன்று 90 ஜிகாபைட் வரை இருக்கிறது. விநாடிக்கு 10 மெகாபிட் வேகம் சற்றும் குறையாமல் கிடைத்தால்கூட அதை இறக்க 20 மணி நேரம் செல்லும். சென்னைக் கப்பல் இங்கு வந்துசேரும் காலத்தில் மூன்றில் ஒரு பங்கு! இடையில் மின்சாரம் போவதும் மழை வருவதும் தனி. அப்பையன் நான்கு மாத இரவுகளில் சிறுகச் சிறுகச் சேர்த்ததை நாம் ஒரு குவளைக் காப்பி ஆறுவதற்குள் அழித்தோம்.

அதுவும் பெரிதன்று. அக்காள் கட்டிய ஊருக்கு வருவோம்.

விளையாடுகிறவன் தன் உழைப்பால் ஈட்டிய நிலையைக் குறித்து வைக்கும் கோப்புக்குச் சேவ் என்று பெயர். கட்டிய வீடு, பயிரிட்ட வயல், வென்ற கட்டம் எல்லாம் அதில்தான் இருக்கின்றன. இதனைக் கடையில் வாங்க இயலாது, ஆக்கினவரே ஆக்கவேண்டும். இது தங்கும் இடமோ விளையாட்டுக்கு விளையாட்டு மாறுகிறது. ஸ்டார்டியூ வேலி என்று வயல் உழுது வாழும் விளையாட்டு ஒன்றுண்டு. எரிக் பரோன் என்ற ஒரே மனிதர் தனியாகச் செய்து 2016இல் வெளியிட்டது. அதன் சேவ், ஸ்டீமின் கொட்டகையில் இல்லை. விண்டோஸ் மறைத்து வைத்திருக்கும் ஆப்டேட்டா என்னும் ஃபோல்டரில், ரோமிங் என்ற அறையில் இருக்கிறது. ஆகவே அக்காளும் தம்பியும் பயிரிட்ட பூசணித் தோட்டம் நம் கைக்குத் தப்பிப் பிழைத்தது. வேறு சில விளையாட்டுகள் டாக்குமென்ட்ஸில் வைக்கின்றன. சில, ஸ்டீமுக்குள்ளேயே இருக்கும் யூசர்டேட்டா என்னும் ஃபோல்டரில் வைக்கின்றன. பழைய விளையாட்டுகள் சில, தம் சொந்த ஃபோல்டருக்குள்ளேயே வைத்துக்கொள்கின்றன. அந்தப் பெண் பிளஸ் டூ விடுமுறையில் ஆற்றங்கரையும் சந்தையும் கோயில் தெருவுமாக அமைத்த ஊர், அத்தகைய பழைய விளையாட்டு ஒன்றில் இருந்தது.

ஸ்டீம் கிளவுட் என்றொரு வசதி உண்டு. அதனை ஏற்கும் விளையாட்டுகளின் சேவ் தானாகவே நிறுவனத்தின் பொறிக்கு ஏறிவிடும். ஆனால் எல்லா விளையாட்டும் அதனை ஏற்பதில்லை. ஏற்பதும்கூட, இணையம் அறுந்த வேளையில் விளையாடி முடித்தால், மறுபடி இணைந்து ஒத்துப்போகும்வரை பொறியிலேயே நிற்கும். தீவில் வாழ்வோர் கிளவுடை நம்பிக் கையை வீசிக்கொண்டு போதல் கூடாது. அந்தப் பழைய விளையாட்டுக்குக் கிளவுடும் இல்லை. ஊர் போயிற்று.

இனி நாம் செய்திருக்க வேண்டியதைச் சொல்கிறோம். உண்மையில் ஒன்றுமே செய்திருக்க வேண்டியதில்லை. பொறி மெதுவானதற்குக் காரணம், அதனைத் திறந்தவுடன் ஸ்டீமும் தானே எழுந்துகொள்வதும், சி டிரைவ் நிரம்பியதுமே. தானே எழாதிருக்கும்படி ஸ்டீமின் அமைப்பில் ஒரு குறியை எடுத்தால் முதல் தொல்லை தீரும். ஸ்டோரேஜ் என்ற பகுதியில் டி டிரைவில் இன்னொரு நூலகம் ஏற்படுத்தி, விளையாட்டுகளை அங்கே நகர்த்தும்படி ஸ்டீமுக்கே கட்டளையிட்டால் இரண்டாவதும் தீரும். அப்படி வேறு டிரைவில் இருப்பவற்றை அன்-இன்ஸ்டால் தீண்டுவதில்லை. பிறகு ஸ்டீமை நிறுவி அந்நூலகத்தைச் சுட்டிக்காட்டினால் போதும். ஸ்டீமே பழுதாகிவிட்டது என்றால், அதை மூடிவிட்டு, அதன் ஃபோல்டரில் ஸ்டீம்ஆப்ஸ், யூசர்டேட்டா, ஸ்டீம் என்ற இயக்கு கோப்பு ஆகிய மூன்றையும் விட்டு மற்றவற்றை அழித்துத் திறந்தால், அது தன்னைத்தானே புதுப்பித்துக்கொள்ளும்.

கழற்றியே தீரவேண்டும் என்போர், ஸ்டீம்ஆப்ஸையும் யூசர்டேட்டாவையும் முழுமையாக வேறு டிரைவுக்கோ வெளி டிஸ்குக்கோ நகலெடுக்க வேண்டும். வெட்டி ஒட்ட வேண்டா. நடுவில் மின்சாரம் போனால் எது அங்கே, எது இங்கே என்று தெரியாமல் திண்டாட நேரும். நகல் முடிந்தபின் இரண்டின் அளவும் கோப்புகளின் எண்ணிக்கையும் ஒத்திருக்கின்றனவா என்று பாருங்கள். ஸ்டீம்ஆப்ஸில் காமனோடு கூட, ஆப்மேனிஃபெஸ்ட் என்று தொடங்கும் சிறு சிறு கோப்புகள் கிடக்கும். அற்பம் என்று விட்டுவிடாதீர்கள். காமன் சரக்கு என்றால் இவை இரயில்வே ரசீது. ரசீது தொலைந்தால் ஸ்டீம் “சரக்கு வரவில்லை” என்று சாதிக்கும். அப்போது சரக்கைக் காமனுக்குள் அதே பெயரில் வைத்துவிட்டு இன்ஸ்டால் கொடுத்தால், இருப்பதைக் கண்டறிந்து குறைவதை மட்டும் இறக்கிக்கொள்ளும். பின்னர் ஆப்டேட்டாவிலும் டாக்குமென்ட்ஸிலும் உள்ள சேவ்களையும், பழைய விளையாட்டுகளின் சொந்த ஃபோல்டரில் உள்ளவற்றையும் தனியே ஒரு பென் டிரைவில் எடுங்கள். இவை பெரும்பாலும் மிகச் சிறியவை. அந்தப் பெண்ணின் ஊர் முழுவதும் ஒரு புகைப்படத்தின் அளவுகூட இருந்திராது.

விண்டோஸ் 7, 8 உள்ள பழம்பொறி வைத்திருப்போர் ஸ்டீமைத் தொடவே வேண்டா. 2024 ஜனவரி 1 முதல் அவற்றுக்கு ஸ்டீம் ஆதரவை நிறுத்திவிட்டது. கழற்றினால் திரும்ப மாட்ட முடியும் என்பதற்கு உறுதி இல்லை.

எபிக் நிறுவனத்தின் லாஞ்சர் வைத்திருப்போர் விளையாட்டு ஃபோல்டரை நகலெடுத்து வைத்து, மறுபடி இன்ஸ்டால் தொடங்கிச் சிறிது இறங்கியதும் நிறுத்தி, நகலை அவ்விடத்தில் வைத்து, மீண்டும் தொடர வேண்டும். சரிபார்த்துக்கொள்ளும். போலந்து நாட்டின் ஜிஓஜி கடையில் வாங்கியவர்க்குக் கவலை குறைவு. விளையாட்டை நிறுவும் கோப்பையே தனியாக இறக்கிப் பெட்டியில் வைத்துக்கொள்ளலாம், லாஞ்சரே வேண்டியதில்லை. சில சமயம் நாம் நீக்காமலே லாஞ்சர் தானாக மறைவதும் உண்டு. பெதெஸ்டா நிறுவனம் தன் லாஞ்சரை 2022 மே மாதம் மூடி, வாங்கியோரின் உரிமைகளை ஸ்டீமுக்கு மாற்றித் தந்தது. எல்லாருக்கும் அவ்வளவு தயை வாய்ப்பதில்லை. யூபிசாஃப்ட் நிறுவனத்தின் தி குரூ என்ற விளையாட்டு, 2024 மார்ச் 31ஆம் நாள் அதன் பொறிகள் நிறுத்தப்பட்டதோடு, காசு கொடுத்து வாங்கியவர் கையிலும் உயிரற்றுப் போயிற்று. நாம் வாங்குவது பொருளன்று, அனுமதியே என்பதை விற்குமிடத்திலேயே தெளிவாகச் சொல்லவேண்டும் என்று கலிபோர்னியா மாநிலம் 2025 ஜனவரி முதல் சட்டம் நடத்துகிறது. இதைப் படித்தபோது நம் தெருப் பெரியவர், “அப்படியானால் இதுவும் குத்தகைதானா?” என்றார்.

கணக்கு விஷயத்திலும் நாம் ஒரு பாடம் படித்தோம். ஸ்டீமை மீண்டும் நிறுவியபின், உள்ளே நுழையச் சங்கேதச் சொல் கேட்டது. கணக்கு அக்காளுடையது. அதனை உறுதிசெய்யும் குறியீடும் அவள் கைப்பேசிக்கே சென்றது. விடுதியில் கைப்பேசி கிடைக்கும் இரவு வேளைவரை பையனும் நாமும் காத்திருந்தோம். பணி மாற்றலில் எண்ணை மாற்றுவோரும், யாரோ ஒருவருடைய மின்னஞ்சலில் பிள்ளைக்குக் கணக்குத் திறந்துகொடுத்தோரும் இன்றே அதைச் சரிசெய்க. கைப்பேசிக் காவல் வைத்தபோது ஸ்டீம் தரும் மீட்புக் குறியை ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதிப் பீரோவில் வையுங்கள்.

இறக்கும் வேலைக்கு ஒரு நல்ல வழி கிடைத்தது. ஒரே வீட்டு இணைப்பிலுள்ள இரண்டு பொறிகளுக்கிடையே விளையாட்டை நேரே மாற்றிக்கொள்ளும் வசதியை 2023இல் ஸ்டீம் கொண்டுவந்திருக்கிறது. இரு கணக்குகளிலும் அவ்விளையாட்டு இருக்கவேண்டும். இருவரும் அமைப்பில் அனுமதியும் தந்திருக்க வேண்டும். ஹாடோவில் பையனின் பள்ளித் தோழன் வீட்டில் பெரிய விளையாட்டு இருந்தது. கொட்டும் மழையில் பொறியைப் பிளாஸ்டிக் உறையில் சுற்றி, நாம் சுமக்க, பையன் குடை பிடிக்க, ஆட்டோவில் கொண்டுபோனோம். நான்கு மாதச் சேமிப்பில் பெரும்பகுதி ஒரு மாலைப் பொழுதுக்குள் வந்து சேர்ந்தது.

விளையாட்டு நேரம் குறித்துத் தந்தையும் மகனும் பேசி முடிவு செய்துகொண்டார்கள். அதற்கு எந்தப் பொத்தானும் தேவைப்படவில்லை. அக்காளிடம் ஊர் அழிந்ததை நாமே தொலைபேசியில் சொன்னோம். சற்று நேரம் பேசாதிருந்தாள். பிறகு, “கோயில் தெருவைத் தம்பி மறுபடி கட்டட்டும் மாமா, சந்தையை நான் டிசம்பரில் வந்து கட்டிக்கொள்கிறேன்” என்றாள். அவளுக்குக் கோவையிலிருந்து சென்னைக்குப் பயணச்சீட்டு நாம்தான் பதிவு செய்துள்ளோம். கீழ்ப் படுக்கை கிடைத்திருக்கிறது.