தள்ளுபடி ஆனது தெரியாமலே ஓடும் 30 நாள்

பூந்தமல்லி சப் கோர்ட் தாழ்வாரத்தில் டவாலி ஒரு பெயரை மூன்று முறை கூப்பிடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். பதில் இல்லை. பெயருக்கு உரியவர் அந்நேரம் அம்பத்தூர் தொழிற்பேட்டையில் லேத் மெஷின் முன்னால் நிற்கிறார். வக்கீல் பார்த்துக்கொள்வார் என்ற நம்பிக்கையில் ஒரு நாள் கூலியை இழக்காமல் வேலைக்குப் போனவர். வக்கீலும் வரவில்லை. ‘ஆஜராகாததால் அப்பீல் தள்ளுபடி’ என்று ஒரே வரியில் கதை முடிகிறது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 41ஆம் கட்டளை, 17ஆம் விதி இதற்கு இடம் தருகிறது. ஆனால் ‘தள்ளுபடி செய்யலாம்’ என்கிறதே தவிர, ‘செய்தே ஆக வேண்டும்’ என்று அது சொல்லவில்லை. ஆள் இல்லாத நேரத்தில் வழக்கின் நியாய அநியாயத்தை முடிவுசெய்து தள்ளுபடி செய்யக் கூடாது என்ற விளக்கமும் 1976 திருத்தத்தில் சேர்ந்தது. காரணம் காட்டி அப்பீலை மீட்க 19ஆம் விதி வழி வைத்திருக்கிறது. கதவு திறந்துதான் இருக்கிறது. அது திறந்திருப்பது உரியவருக்குத் தெரிவதில்லை என்பதே என் கவலை.

மற்றத் துறைகளில் சட்டம் இதைவிடக் கனிவாக நடந்திருக்கிறது. கிரிமினல் அப்பீலை ஆள் வரவில்லை என்பதற்காகத் தள்ளக் கூடாது, ஆவணங்களைப் படித்துத்தான் தீர்ப்புச் சொல்ல வேண்டும் என்று 1996இல் பானி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. வருமான வரித் தீர்ப்பாயமும் அப்படியே செய்ய வேண்டும் என்று 1969இல் தீர்ப்பு வந்தது; நம் மாநிலத்திலிருந்து போன சென்னியப்ப முதலியார் வழக்கு அது. சிவில் வழக்கிலும், வக்கீல் வராத குற்றத்துக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981இல் ரஃபீக் வழக்கில் அதே நீதிமன்றம் கூறியது.

ஆனாலும் காலக்கெடு உதைக்கிறது. தள்ளுபடியான அப்பீலை மீட்க, காலவரையறைச் சட்டத்தின் 122ஆம் இனம் 30 நாள் தருகிறது. அது தள்ளுபடியான தேதியிலிருந்து ஓடத் தொடங்குகிறது. அடுத்த 123ஆம் இனத்தைப் பாருங்கள். ஒருதலைத் தீர்ப்புக்கு ஆளானவருக்கு முறையாக அறிவிப்பு சேரவில்லை என்றால், அவருக்குத் தெரியவந்த நாளிலிருந்துதான் அந்த 30 நாள். அப்பீல் போட்டவருக்கு அந்தச் சலுகை இல்லை. அமீனா வாசலில் வந்து நிற்கும்போதுதான் விஷயம் தெரிகிறது என்றால், முதலில் தாமதத்தை மன்னிக்கக் கேட்டு ஒரு மனு, பிறகு மீட்பு மனு என்று அலைய வேண்டும்.

வழக்கைக் கொண்டுவந்தவர்தானே தேதியையும் கவனிக்க வேண்டும் என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். கீழ்க் கோர்ட்டில் ஜெயித்தவர், எதிராளியின் தடையுத்தரவால் வருஷக்கணக்கில் வீட்டுக்குள் கால் வைக்க முடியாமல் தவிப்பதும் உண்மை. அவரைக் காக்கத் தடையை நீக்கலாம், செலவுத்தொகை விதிக்கலாம். அப்பீலைக் கொல்வதற்கு முன் கட்சிக்காரருக்கே நேராக ஓர் அறிவிப்பு அனுப்பினால் ஜெயித்தவருக்குக் கூடுதலாகப் போவது ஒரு வாய்தாதான். வழக்குத் தேக்கத்தையும் காரணம் சொல்வார்கள். தள்ளுபடி செய்த வழக்கே இரண்டு மனுக்களாகத் திரும்பி வரும்போது தேக்கம் எங்கே குறைகிறது? இ-கோர்ட்ஸ் வழியாகக் கைப்பேசிக்கு எஸ்.எம்.எஸ். அனுப்பும் வசதி ஏற்கெனவே இருக்கிறது. அப்பீல் மனுவிலேயே கட்சிக்காரரின் எண்ணைக் கட்டாயமாக்கி, தமிழில் ஒரு வரி அனுப்பிவிட்டு, அதன் பிறகும் வராதவரின் அப்பீலைத் தள்ளட்டும். தாழ்வாரத்தில் மூன்று முறை கூப்பிடும் பெயர், லேத் முன்னால் நிற்பவர் காதிலும் ஒருமுறை விழ வேண்டும்.