கதைக்கு 'நீதி' வேண்டாமே!



கதைப் போட்டி என்றாலே கடைசியில் "இக்கதை உணர்த்தும் நீதி" என்று ஒரு வரி எழுத வேண்டும். எழுதாட்டி மார்க் குறையும். எனக்கு இதில் உடன்பாடு இல்லை.

ஒரு கதை சொல்றேன். ஏழைக் கிழவி ஒருத்தி. இரண்டு மகன், இரண்டு மருமகள். நாலு பேரும் பொழுதன்னைக்கும் திட்டுவார்கள். யாரிடமும் சொல்லாமல் மனசுக்குள்ளேயே அடக்கி அடக்கி அவள் உடம்பு ஊதிப்போச்சு. அதுக்கும் கேலி! ஒருநாள் ஊருக்கு வெளியே கூரையில்லாத ஒரு பாழடைந்த வீட்டுக்குள் போனாள். பெரிய மகன் செய்ததை ஒரு சுவரிடம் சொன்னாள். சுவர் இடிந்து விழுந்தது! பெரிய மருமகள், சின்ன மகன், சின்ன மருமகள் என்று ஆளுக்கொரு சுவரிடம் சொல்ல, நாலும் விழுந்தது. கிழவி உடம்பு இளைத்து, மனசு லேசாகி வீட்டுக்கு நடந்தாள். ஏ.கே.ராமானுஜன் 1991-ல் ஆங்கிலத்தில் வெளியிட்ட இந்திய நாட்டுப்புறக் கதைத் தொகுப்பில் இந்தத் தமிழ்க் கதை இருக்கிறது.

"முதியோரை மதிக்க வேண்டும்" என்று நீதி எழுதினால் முழு மார்க். ஆனால் கதையில் மகன்கள் திருந்தவே இல்லையே! கிழவி அதே வீட்டுக்குத்தானே திரும்பிப் போறா? கதை, திட்டினவங்களைப் பற்றியது இல்லை. சொல்லி அழ ஆள் இல்லாதவளைப் பற்றியது.

மணிப்பூரில் மெய்தெய் மக்கள் அடுப்பங்கரையில் சொல்லும் கதைகளுக்கு 'ஃபுங்கா வாரி' என்று பெயர். அதில் ஒரு பெண் சித்தி கொடுமை தாங்காமல், பறந்து போகும் இருவாச்சிப் பறவைகளிடம் இறகு கேட்டு, தானும் பறவையாகி விடுகிறாள். அப்பா வந்து கூப்பிட்டும் திரும்பவில்லை. இங்கே சுவர் கேட்டது, அங்கே பறவை கேட்டது. மனுஷங்க யாரும் கேட்கலை!

நம்ம இருங்காட்டுக்கோட்டையில் பல வீடுகளில் அம்மா ஒரு ஷிப்ட், அப்பா ஒரு ஷிப்ட். கம்பெனி பஸ்ஸை விட்டு இறங்கும்போதே கண் சொருகும். ஆயா டி.வி. முன்னாடி தனியா. வெளி மாநிலத்திலிருந்து வந்த பிள்ளைகளுக்குத் தமிழே இப்பத்தான் வருது. இவங்க யார்கிட்ட சொல்வாங்க?

தமிழ் ஐயாவுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த போட்டியில் 'நீதி'க்குப் பதிலா, "இந்தக் கதையில் யாரை நினைத்து மனசு கஷ்டப்பட்டது? ஏன்?" என்று கேளுங்க ஐயா. நான் ரெண்டு பக்கம் எழுதுவேன்!

– பத்தாம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி