தொகுத்தவர் யார்?

நம் ஊர் அரங்கில் ஆவணப்படம் ஒன்று திரையிடப்பட்டால், அழைப்பிதழில் இயக்குநர் பெயர் இருக்கும். வாழ்த்துரை வழங்குவோரின் பெயர்கள் அதைவிடப் பெரிய எழுத்தில் இருக்கும். படத்தொகுப்பாளரின் பெயரைத் தேடிப் பாருங்கள், கிடைக்காது. "அவர் ஒட்டுகிறவர்தானே" என்று படித்தவர்களே சொல்லக் கேட்டிருக்கிறோம். இப்பேச்சை நாம் ஏற்பதற்கில்லை.

கதைப்படத்திற்கு எழுதி முடித்த கதை கையில் உண்டு. ஆவணப்படத்திற்கோ, எடுத்துக் குவித்த காட்சிகளுக்குள்தான் கதையே கிடக்கிறது. ஏ. கே. செட்டியார் உலகெங்கும் அலைந்து காந்தியடிகளைப் பற்றித் திரட்டிய படச்சுருள் 50,000 அடி. ஓட்டிப் பார்க்கவே ஒன்பது மணி நேரம் ஆகும். 1940இல் சென்னையில் மக்கள் கண்டது 12,000 அடி. எஞ்சிய 38,000 அடியை விலக்கத் துணிந்த தீர்ப்பை வெறும் ஒட்டுவேலை என்போமா?

முத்துக்குளித்துறையில் பிறந்த நமக்கு இது விளங்காமற்போவதுதான் வியப்பு. 1961இல் இங்கு இறுதியாக நடந்த முத்துக்குளிப்பு வரை, மூச்சடக்கி மூழ்கியவரைப் புகழ்ந்தோம், புகழத்தான் வேண்டும். ஆனால், கரையில் சிப்பிகளை அழுகவிட்டு, அலசி, சல்லடையிட்டு முத்தைப் பிரித்தெடுத்தவரை எவர் நினைத்தார்?

இங்கிலாந்திலும் இதே கதைதான். போர்க்காலத்து மக்களின் ஓசைகளையே கோத்து, விளக்கவுரை ஏதுமின்றி 1942இல் வந்த 'பிரிட்டனைக் கேளுங்கள்' என்னும் படத்தில், ஹம்ஃப்ரி ஜென்னிங்ஸின் பெயருக்கு இணையாகத் தொகுப்பாளர் ஸ்டூவர்ட் மெக்அலிஸ்டரின் பெயரும் இடம்பெற்றது. ஆயினும் புகழ் ஜென்னிங்ஸுக்கே சென்றது. மெக்அலிஸ்டர் 1962இல் இறந்தார். அவருடைய பணிவாழ்வை டாய் வான் என்னும் மற்றொரு தொகுப்பாளர் 1983இல் நூலாக்கியபோது, அவரைக் 'கண்ணுக்குப் புலப்படாத மனிதர்' என்றே தலைப்பில் குறித்தார்.

பெயருக்காக மட்டுமா இத்தனை வாதம்? இல்லை. 2018 மே 22 அன்று, ஸ்டெர்லைட் எதிர்ப்புப் போராட்டத்தின் நூறாம் நாளில், தூத்துக்குடித் துப்பாக்கிச்சூட்டில் 13 உயிர்கள் பலியாயின. வாகனத்தின் மேலேறி நின்று துப்பாக்கியை நீட்டிய மஞ்சள் பனியன்காரரை நாடே பார்த்தது. எரியும் வாகனங்களையும் பார்த்தது. இவ்விரு காட்சிகளில் எதை முன்னே வைப்பது? தீயை முன்னே வைத்தால் துப்பாக்கி பதிலடியாகிவிடும். துப்பாக்கியை முன்னே வைத்தால் தீ ஆத்திரமாகிவிடும். இரண்டும் உண்மைக் காட்சிகளே. ஒரு சட்டகம்கூடப் பொய்யில்லை. ஆயினும் வரிசை மாறினால் குற்றவாளி மாறிவிடுகிறான். காவல்துறை வரம்பு மீறியதென்று நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் அறிக்கை சொன்னது; அது சட்டப்பேரவைக்கு வந்ததோ 2022இல். அதுவரை நான்காண்டுகளாக மக்கள் மனத்தில் தீர்ப்பெழுதிக்கொண்டிருந்தவை தொகுக்கப்பட்ட காட்சிகளே.

கத்தரியும் ஒட்டுநாடாவும் போய்க் கணினி வந்துவிட்டதால் இது எளிய தொழிலாகிவிட்டதென்பார் சிலர். கை நோவு குறைந்திருக்கலாம். எதை விடுவது என்று இரவெல்லாம் விழித்திருக்கும் மனநோவை எந்தக் கருவி குறைத்தது? இத்தகையவருக்கு ஒரு நாள் கூலியைக் கொடுத்துப் பின்வாசல் வழியே அனுப்புகிறோம். ஒளிப்பதிவுக் கருவியைத் தோளில் ஏந்த ஆசைப்படும் நம் பிள்ளைகள் இந்த நாற்காலியில் அமரத் தயங்குவதில் வியப்பென்ன?

அடுத்த திரையிடலில் தொகுப்பாளரின் பெயரையும் அழைப்பிதழில் அச்சிடுங்கள். பொன்னாடையோடு நிறுத்திவிடாமல், அவரை மேடையில் அமர்த்தி, எந்தெந்தக் காட்சிகளை நீக்கினீர், எவர் சொல்லி நீக்கினீர் என்று கேளுங்கள்.