நடைபாலத்தில் சாவு, கோர்ட்டில் எல்லைத் தகராறு!

வேலையில் அடிபட்ட தொழிலாளிக்கு நஷ்டஈடு கொடுக்க வேண்டியவர் யார்? முதலாளி. இதில் மர்மம் ஏதுமில்லை. ஆனால் அமெரிக்க முதலாளிகளின் வக்கீல்கள் வேறொரு கேள்வியைக் கிளப்பினார்கள்: அடிபட்ட இடம் ராஜ்ய சர்க்காரின் அதிகாரத்தில் உள்ளதா, சமஷ்டி சர்க்காரின் அதிகாரத்தில் உள்ளதா?

இந்தக் கேள்வி யாருக்குப் பயன்பட்டது? சரித்திரமே பதில் சொல்லட்டும்.

1914 ஆகஸ்டில் நியூயார்க் துறைமுகத்தில் சதர்ன் பசிபிக் கம்பெனிக் கப்பலில் சரக்கு இறக்கிய ஜென்சன் என்ற தொழிலாளி, நடைபாலத்தில் மின்வண்டி ஓட்டுகையில் தலை மோதி மாண்டார். ராஜ்யச் சட்டப்படி அவருடைய மனைவிக்கு வாரம் 5.87 டாலரும், இரு குழந்தைகளுக்குத் தலா 1.96 டாலரும் வழங்க உத்தரவாயிற்று. இந்த அற்பத் தொகையைக் கொடுக்க மறுத்து, கம்பெனி சுப்ரீம் கோர்ட் வரை போயிற்று! "கடல் விவகாரம் சமஷ்டிக்கு உரியது, ராஜ்யச் சட்டம் செல்லாது" என்பது அதன் வாதம். 1917ல், ஐந்து நீதிபதிகள் ஒரு பக்கமும் நால்வர் மறுபக்கமுமாகக் கம்பெனிக்கே வெற்றி!

அதே ஆண்டு காங்கிரஸ் சபை, ராஜ்யச் சட்டப்படி நஷ்டஈடு பெறும் உரிமையை மீட்டுக் கொடுத்தது. 1920ல் கோர்ட் அதை ரத்து செய்தது. 1922ல் மீண்டும் சட்டம். 1924ல் மீண்டும் ரத்து! ராஜ்யம் கொடுத்தால் "உனக்கு அதிகாரமில்லை" என்றார்கள். காங்கிரஸ் அனுமதித்தால் "அதிகாரத்தை ராஜ்யத்திடம் ஒப்படைக்க உனக்கு உரிமையில்லை" என்றார்கள்!

"கடலுக்கு நாடு முழுவதும் ஒரே விதி வேண்டாமா?" என்று கேட்பார்கள். வேண்டும், தாராளமாக இருக்கட்டும். ஆனால் கோர்ட் கொடுத்த ஒரே விதி ஒரே பூஜ்யம் அல்லவா! "வழக்குத் தொடுக்க வழி இருந்ததே" என்றும் சொல்வார்கள். முதலாளியின் குற்றத்தை நிரூபித்தால்தான் அந்த வழி. அந்தச் சுமையை நீக்கவே நஷ்டஈட்டுச் சட்டம் பிறந்தது!

1927ல்தான் துறைமுகத் தொழிலாளருக்குச் சமஷ்டிச் சட்டம் வந்தது. அதுவும் தண்ணீர் விளிம்போடு நின்றது. கிரேன் தூக்கிய சரக்கு, துறைமேடையில் நின்றவர்களைத் தாக்கிய வழக்கில், 1969ல் சுப்ரீம் கோர்ட் என்ன சொன்னது? துறைமேடை நிலமாம், சமஷ்டிச் சட்டம் அங்கே வராதாம்! அதே சரக்கு கப்பல் தட்டில் நின்றவரை அடித்திருந்தால் சமஷ்டித் தொகை. மேடையில் நின்றவருக்கு ராஜ்யத்தின் குறைந்த தொகை. எலும்புக்குத் தெரியுமா இந்தக் கோடு?

1972ல் காங்கிரஸ் இந்தச் சட்டத்தைத் துறைமேடைகளுக்கும் நீட்டியது. இப்படி நீட்டிய கரைப்பகுதியில் ராஜ்யச் சட்டமும் சமஷ்டிச் சட்டமும் சேர்ந்தே செல்லும் என்று 1980ல் சுப்ரீம் கோர்ட்டே ஒப்புக்கொண்டது. வானம் இடிந்து விழவில்லை, கப்பல்களும் நிற்கவில்லை!

ஆகவே நாம் சொல்வது இதுதான்: இரு சட்டங்கள் இருந்தால் தொழிலாளிக்கு அதிகம் தருவதே செல்ல வேண்டும். முதலில் பணம் குடும்பத்தின் கைக்கு வரட்டும். எல்லைத் தகராறை அதற்குப் பிறகு சர்க்கார்கள் தங்களுக்குள் தீர்த்துக்கொள்ளட்டும்!