நாம எந்தக் கணக்குல வர்றோம்?

சென்னையோட மக்கள்தொகை எவ்வளவு? 2011 கணக்கெடுப்புப்படி இதுக்கு இரண்டு பதில் இருக்கு. அப்போதைய மாநகராட்சி எல்லைக்குள்ள மட்டும் எண்ணினா 46 லட்சத்துக்கு மேல. ஒட்டி வளர்ந்த ஊர்களையும் சேர்த்தா 86 லட்சத்துக்கு மேல. இடையில இருக்கிற 40 லட்சம் பேர் யாரு? அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி, நம்ம பருத்திப்பட்டு மாதிரி ஊர்க்காரங்கதான்.

அதே 2011ல சென்னை மாநகராட்சி 426 சதுர கிலோமீட்டரா விரிவாச்சு. பக்கத்துல இருக்கிற அம்பத்தூர் உள்ளே போச்சு, ஆவடி வெளியே நின்னுது. அதனால இன்னிக்கு நம்ம நிலைமை இதுதான்: பின்கோடு சென்னை, பஸ் எம்டிசி, வீட்டு வரி ஆவடி மாநகராட்சிக்கு, மாவட்டம் திருவள்ளூர். "இந்தியாவோட பெரிய நகரங்கள்ல ஒண்ணு"ன்னு பெருமை பேசும்போது நம்மளையும் சேர்த்துக்குவாங்க. ரோடு, குடிநீர், பாதாளச் சாக்கடைன்னு வந்தா "அது வேற மாநகராட்சிப்பா".

எல்லையை எங்க போடுறோம்ங்கிறதுதான் எண்ணை முடிவு பண்ணுது. 2011ல தமிழ்நாட்டில் பத்து லட்சத்தைத் தாண்டிய பெருநகரப் பகுதிகள் நாலு: சென்னை, கோவை, மதுரை, திருச்சி. திருப்பூர் 9.6 லட்சத்துல நின்னுடுச்சு. கேரளாவிலோ அப்படி ஏழு! மலப்புரம் 16.9 லட்சம், மதுரை 14.6 லட்சம். மதுரையை விட மலப்புரம் பெரிய நகரமா? இல்லை. அங்கே ஊரும் ஊரும் இடைவெளி இல்லாம ஒட்டிக்கிடக்கு, எல்லாத்தையும் ஒரே தொகுப்பா எண்ணிட்டாங்க. அதனால "எங்க ஊர்தான் பெருசு"ங்கிற சண்டையில எனக்கு ஆர்வம் இல்லை. அந்த எண்ணை வச்சு யாருக்கு என்ன கிடைக்குதுங்கிறதுதான் கேள்வி.

அங்கேதான் நமக்கு அடி. 2011ல ஆவடி நகராட்சியில 3.45 லட்சம் பேர். 2019ல அது மாநகராட்சி ஆயிடுச்சு. பூந்தமல்லி – ஆவடி ரோட்டுல எத்தனை அபார்ட்மெண்ட் முளைச்சிருக்குன்னு நீங்களே பார்க்கிறீங்க. 2022ல சென்னைப் பெருநகரப் பகுதியை 1,189 சதுர கிலோமீட்டர்ல இருந்து 5,904 ஆக விரிச்சாங்க. மேப் ஐந்து மடங்கு ஆச்சு, தலை எண்ணிக்கை மட்டும் இன்னும் 2011லேயே நிக்குது. 2021ல நடக்க வேண்டிய கணக்கெடுப்பு கொரோனாவால தள்ளிப்போச்சு. 15வது நிதிக்குழு பணத்தைப் பிரிச்சதும் 2011 மக்கள்தொகையை வச்சுத்தான். அதுக்கு அப்புறம் இங்கே குடிவந்தவங்க தண்ணி குடிக்கிறாங்க, குப்பை போடுறாங்க, பஸ்ஸுல தொங்குறாங்க. ஆனா கணக்குல இல்லை.

புறநகரை எல்லாம் சென்னையோட இணைச்சிடுங்கன்னு நான் கேட்கல. ஆவடி ஆவடியாவே இருக்கட்டும். இத்தனை பேர் இருக்காங்கன்னு தெரிஞ்சு, அதுக்கு ஏத்த காசும் திட்டமும் வரட்டும்.

அடுத்த கணக்கெடுப்புக்கான தேதி 2027 மார்ச் 1. நாங்க பாஸ் அவுட் ஆகிப் போயிருப்போம், ஜூனியர்ஸ் நீங்க இங்கேதான் இருப்பீங்க. ஹாஸ்டல்ல இருக்கிறவங்களை ஹாஸ்டல்லேயே எண்ணுவாங்க. நாலு பேரா ரூம் எடுத்துத் தங்கினா அந்த ரூம்தான் உங்க வீடு. "எங்க வீடு தேனியில இருக்கு சார்"னு கணக்கெடுக்க வர்றவரைத் திருப்பி அனுப்பிடாதீங்க. வருஷத்துல பத்து மாசம் நீங்க குடிக்கிறது பருத்திப்பட்டு தண்ணி. உங்க பேரும் இங்கேயே ஏறட்டும்.